பச்சை வந்தது, எண் ஏறவில்லை

பிழையை மறைத்தவள் நான்தான்.

தெரியாமல் நேர்ந்துவிட்டது என்று சொல்லி உங்களிடமிருந்து நழுவப் போவதில்லை. தெரிந்தே செய்தேன். பட்டப்பகலில், மின்விசிறிக் காற்றில், காபியை உறிஞ்சிக்கொண்டே நான்கு வரி எழுதி மறைத்தேன். பிறகு அந்தப் பிழையின் பழியை இன்னொரு பெண்ணின் தலையில் கட்டினேன். அவர் மறுக்கவில்லை.

இரண்டு வருடம் ஆகப்போகிறது. இதுவரை ஒரே ஒருவரிடம்தான் இதைச் சொல்லியிருக்கிறேன். அவருக்கு அது ஏற்கெனவே தெரிந்திருந்தது.

இதை அழுது புலம்பும் கதை என்று எண்ணிவிடாதீர்கள். நன்றியோடுதான் எழுதுகிறேன். ஓர் உயிர் போகவில்லையே என்ற நன்றி... அதைக் காப்பாற்றியவர் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லையே என்ற நன்றி... ஆனால் ஓயாமல் நன்றி சொல்கிறவர்களிடம் கொஞ்சம் எச்சரிக்கையாகவே இருங்கள். பெரும்பாலும் எதையோ ஒளித்துவைத்திருப்பார்கள்.

நான் விருதுநகர்க்காரி. சூலக்கரைப் பக்கம் எங்கள் வீட்டு மாடியில் ஓர் அறை, ஒரு லேப்டாப். அதுதான் என் கம்பெனி. அப்பா பள்ளிக்கூட வாத்தியார், அம்மா நர்ஸ். எங்கள் வீட்டில் எனக்கு முன்பு யாரும் சொந்தமாகத் தொழில் செய்ததில்லை. அதனால் எனக்கு வீம்பு கொஞ்சம் அதிகம். "பெரிய ஊருக்குப் போகாமல் இங்கேயே இருந்து சாதித்துக் காட்டுகிறேன் பார்" என்று யாரும் கேட்காமலே சவால் விட்டுக்கொண்டிருந்தவள்.

சாத்தூரிலிருந்து சிவகாசி போகும் வழியில் உள்ள ஒரு பட்டாசுக் கம்பெனிக்கு ஓர் ஆப் எழுதிக் கொடுத்தேன். பெயர் வேண்டாம். மிக எளிய ஆப். வாசலில் ஒரு டேப்லெட் இருக்கும். வேனில் வந்து இறங்கும் ஆட்கள் தங்கள் கார்டை அதில் காட்ட வேண்டும். பச்சை வரும். மேலே ஓர் எண் ஏறும். போகும்போது மறுபடி காட்டினால் எண் இறங்கும். அவ்வளவுதான்.

அந்த எண்தான் எல்லாம். பட்டாசுக் கம்பெனியில் ஏதாவது நடந்தால் முதலில் எழும் கேள்வி ஒன்றே ஒன்று: உள்ளே எத்தனை பேர்? உள்ளே செல்போன் கொண்டுபோக அனுமதி இல்லை. கூப்பிட்டுக் கேட்க முடியாது. ஷெட்டுகள் ஒன்றுக்கொன்று தள்ளித் தள்ளி, இடையில் சீமைக்கருவேல மரங்களோடு ஏக்கர் கணக்கில் கிடக்கும். ஒரு மனிதர் உள்ளே மாட்டிக்கொண்டிருக்கிறாரா என்பதை வாசலில் இருக்கும் அந்த எண்தான் சொல்ல வேண்டும்.

இதைத்தான் நான் கெடுத்தேன்.

எப்படியென்று சொல்கிறேன். ஆப் எழுதும்போது அதற்குள் ஒரு லைப்ரரியைச் சேர்ப்போம். பெயர்தான் லைப்ரரி, உள்ளே புத்தகம் ஒன்றும் இருக்காது, யாரோ எழுதி ஊருக்கெல்லாம் இலவசமாகக் கொடுத்த சில கோப்புகள் இருக்கும். நான் சேர்த்தது பிழைகளுக்கான லைப்ரரி. ஆப் தடுக்கி விழுந்தால் ஒரு கோப்பு அதைக் கவனிக்கும். இன்னொன்று, எத்தனை மணிக்கு, எந்த வரியில், என்ன செய்துகொண்டிருந்தபோது விழுந்தது என்று எழுதிவைக்கும். மூன்றாவது, நெட் கிடைக்கும்வரை காத்திருந்து அதை எனக்கு அனுப்பும்.

அவற்றை எழுதியவர்கள் யாரென்று எனக்குத் தெரியாது. எந்த நாட்டிலோ இருக்கிறார்கள். சாத்தூர்ப் பக்கத்துக் கரிசல் காட்டில் ஒரு டேப்லெட் நின்றுபோனால் அதை ஒருத்தி அறிய வேண்டும் என்று அவர்கள் நினைத்திருக்கவே முடியாது. ஆனாலும் அதற்காக உழைத்திருக்கிறார்கள். அவர்களுக்கு நான் நன்றி சொல்கிறேன். அவர்கள் செய்து தந்த நல்ல காரியத்தின் வாயைத்தான் நான் பொத்தினேன்.

முதலாளியிடம் முதல் நாளே ஒரு வீண் பெருமை அடித்திருந்தேன். "ஆப்ல எந்தத் தப்பு நடந்தாலும் எனக்கு வர்ற அதே நேரத்துல உங்க போனுக்கும் வந்துரும் சார். ஒளிவு மறைவே கிடையாது."

ஒளிவு மறைவே கிடையாது! என் வாயால் நான் சொன்னது.

தீபாவளிக்கு முந்தைய சீசன். ஆர்டர் குவிந்து கம்பெனி மூச்சு விடாமல் ஓடிக்கொண்டிருந்த மாதங்கள். அப்போதுதான் என் ஆப் விழத் தொடங்கியது. ஒரு நாளைக்கு மூன்று முறை, நான்கு முறை. ஒவ்வொரு முறையும் முதலாளியின் போன் கிணுகிணுத்தது. அவர் கூப்பிட்டார்.

"ஏம்மா, நாங்க வெடி செய்யிறோம். நீங்க செஞ்சு குடுத்தது எங்களவிட ஜாஸ்தியா வெடிக்குதே."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குக் காது மடல் சுட்டது.

வந்திருந்த குறிப்புகளைப் படித்தேன். எல்லாம் ஒரே பிழை. ஒரே கார்டு, ஒரே நாளில், உள்ளே வந்து, வெளியே போய், மறுபடியும் உள்ளே வருகிறது. நான் அதற்கு இடமே வைக்கவில்லை. ஒரு கார்டுக்கு ஒரு நாளில் ஒரே வரவு என்று எழுதியிருந்தேன். இரண்டாம் முறை உள்ளே வருவதற்குக் காட்டினால் ஆப் திணறி விழுந்தது.

அந்தக் கம்பெனியில் வேலையை எல்லாம் பார்த்துக்கொள்பவர் ஃபோர்மேன் அண்ணாச்சி. அவருக்குப் போன் போட்டேன். "அண்ணாச்சி, வெளிய போன ஆளு அன்னைக்கே திரும்ப உள்ள வர்றது உண்டா?"

"அப்படி ஒரு பழக்கம் இங்கன கிடையாதும்மா. காலையில வந்தா லோடு முடிச்சிட்டுத்தான் போவாக" என்றார் அவர்.

அவர் சொன்னது பொய். ஏன் சொன்னார் என்பதைப் பின்னால் சொல்கிறேன். ஆனால் அந்தப் பொய்க்குப் பின்னால் நான் ஒளியப் போவதில்லை. என் கையில் நாற்பது குறிப்புகள் இருந்தன. அத்தனையும் உண்மையைச் சொல்லின. நேரத்தோடு சொல்லின. ஒரு வேனைப் பிடித்துப் போய் வாசலில் அரை நாள் உட்கார்ந்திருந்தால் புரிந்திருக்கும்... போகவில்லை. கார்டு படிக்கும் கருவி ஒன்றை இரண்டாகப் படிக்கிறது என்று எனக்கு நானே ஒரு காரணம் செய்துகொண்டேன்.

அந்த நான்கு வரியை எழுதினேன். இந்தப் பிழை வந்தால் ஒன்றும் செய்யாதே. எழுதாதே. யாருக்கும் அனுப்பாதே. பச்சையைக் காட்டு.

மறுநாள் பிழை பூஜ்யம். அந்த வாரம் முழுக்கப் பூஜ்யம். முதலாளி கட்டைவிரல் உயர்த்திய படம் ஒன்றை அனுப்பினார். வேறு இரண்டு கம்பெனிகளிலிருந்து விசாரித்தார்கள். நான் அம்மாவிடம் போய்ப் பெருமையாகச் சொன்னேன். என்ன ஒரு நிம்மதி... வெட்கங்கெட்ட நிம்மதி!

இப்போது செல்வராணி அக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

வாசலில் அந்த டேப்லெட்டோடு உட்கார்ந்திருந்தவர் அவர். நாற்பத்தைந்து வயது இருக்கும். பல வருடம் வெடிமருந்து அடைக்கும் ஷெட்டில் வேலை பார்த்தவர். ஒரு விபத்தில் வலது கால் முழங்காலுக்குக் கீழே வெந்துபோய், தோல் சுருங்கி இழுத்துக்கொண்டது. பத்து நிமிடத்துக்கு மேல் நிற்க முடியாது. அதனால்தான் அவருக்கு வாசல் நாற்காலி. "எனக்கு இந்தச் சேரு கெடச்சது கும்பிட்ட சாமி குடுத்தது மேடம்" என்று ஆப்பைப் பழகிக்கொண்ட அன்று என்னிடம் சொன்னார். அவரைவிட இருபது வயது இளையவள் நான். மேடம் வேண்டாம் என்று எத்தனை முறை சொல்லியும் கேட்கவில்லை.

நான் பச்சையைக் காட்டச் சொன்ன நாலாவது நாளோ ஐந்தாவது நாளோ அவர் போன் செய்தார்.

"மேடம், பச்சை வருது. ஆனா மேல நம்பர் ஏற மாட்டேங்குது."

படித்தீர்களா? என் பிழை முழுவதையும் ஒரு வரியில் சொல்லிவிட்டார். எந்த லைப்ரரியாலும் இதைவிடத் தெளிவாகச் சொல்லியிருக்க முடியாது.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "நீங்க அவசரத்துல ரெண்டு தடவ காட்டியிருப்பீங்கக்கா. பச்சை வந்துருச்சுல்ல, அப்ப சரிதான்."

"சரி மேடம்" என்று வைத்துவிட்டார்.

ஆனால் அவர் சரி என்று விட்டுவிடவில்லை. பிரச்சினை ஏதாவது வந்தால் எத்தனை மணி, யாருடைய கார்டு, திரையில் என்ன வந்தது என்று எழுதிவையுங்கள் என்று ஆப்பைக் கற்றுக்கொடுத்த அன்று நான் ஒப்புக்குச் சொல்லியிருந்தேன். எல்லா வாடிக்கையாளரிடமும் சொல்வதுதான், யாரும் செய்வதில்லை. அவர் செய்தார். சிவகாசியில் அச்சுப் பிழையால் ஒதுக்கிய நாள்காட்டித் தாள்கள் கட்டுக் கட்டாகக் கிடைக்கும் அல்லவா, தினமும் கிழிக்கிற அந்தச் சின்னத் தாள்கள். அவற்றின் பின்பக்கத்தில், ஒரு தாளுக்கு ஒரு குறிப்பாக எழுதினார்.

இப்போது அந்த ஃபோர்மேன் சொன்ன பொய்க்கு வருகிறேன்.

அந்தக் கம்பெனியில் மாத்தாள் என்று ஒரு வழக்கம் உண்டு. ஒரு பெண்ணுக்குப் பாதி வேலையில் வீட்டுக்குப் போக வேண்டி வருகிறது: பிள்ளைக்குக் காய்ச்சல், பள்ளிக்கூடத்தில் கூப்பிடுகிறார்கள், ஊரில் ஒரு சாவு, துஷ்டிக்குப் போக வேண்டும். போய்விட்டால் அன்றைய லோடு, அதாவது அன்றைக்கு ஒதுக்கிய வேலை, முடியாது. அதனால் அவள் வெளியே வந்து, வீட்டிலிருந்து தங்கச்சியோ நாத்தனாரோ வந்து, அதே கார்டில் உள்ளே போய் மிச்சத்தை முடித்துக் கொடுப்பாள். சட்டப்படி கூடாது. பயிற்சி இல்லாத ஆள் மருந்து பக்கம் போகக் கூடாது. ஆகவே மாத்தாளுக்குக் காகிதக் குழாய் ஒட்டுவது, தாள் சுற்றுவது போன்ற வேலைகள்தான். ஃபோர்மேனுக்குத் தெரியும். முதலாளிக்குத் தெரியாது; தெரிந்தால் இரண்டு பேரையும் நிறுத்திவிடுவார்.

மாத்தாளாக வருகிறவளுக்கு முதலில் சொல்லிக்கொடுப்பது ஒன்றைத்தான். மணி அடித்தால் சோதனைக்கு ஆபீசர் வண்டி வருகிறது என்று அர்த்தம்; செருப்பை எடுத்துக்கொண்டு பின்னால் இருக்கிற கழிவுத்தாள் அறைக்குள் ஒளிந்துகொள். செருப்பு ஏன் என்றால், ஷெட்டுக்குள் வெறுங்காலோடுதான் போவார்கள். வெளியே கிடக்கும் செருப்பை எண்ணினாலே உள்ளே எத்தனை பேர் என்று தெரிந்துவிடும்.

அன்று பிற்பகல் காற்று பலமாக இருந்ததாம். சுற்றுச்சுவருக்கு வெளியே காய்ந்த புல் பற்றிக்கொண்டது. யார் வைத்தது, எப்படி வந்தது என்று இன்றுவரை தெரியாது. காற்று அதைக் கம்பெனிப் பக்கம் தள்ளிக்கொண்டு வந்தது. அபாயச் சங்கு ஊதப் போனால் மின்சாரம் இல்லை. ஃபோர்மேன் மணியை அடிக்கச் சொல்லிவிட்டு, வரிசை வரிசையாக ஓடி, எல்லோரையும் கத்தி வெளியே விரட்டினார். ஆட்கள் செருப்பைக்கூட மாட்டாமல் வாசலுக்கு ஓடி வந்தார்கள். வாசலில் ஒவ்வொரு கார்டாகக் காட்டக் காட்ட எண் இறங்கியது.

சைபர் வந்தது.

ஃபோர்மேன் டேப்லெட்டைப் பார்த்தார். பக்கத்தில் இருந்த வேன் டிரைவரிடம், "எல்லாரும் வந்தாச்சு. ஏலே, வண்டியெல்லாம் ரோட்டுக்கு எடுலே" என்றார்.

செல்வராணி அக்கா எழுந்து நின்றார். "அண்ணாச்சி, உள்ள ஒரு ஆள் இருக்கு."

"ஆப்புல சைபர் காட்டுது."

"ஆப்பு காட்டும். காளீஸ்வரி கார்டுல அவ தம்பி பொண்டாட்டி முத்துச்செல்வி மத்தியானம் உள்ள போச்சு. வெளிய வரல." கையில் அன்றைய தாள் இருந்தது. "மணி சத்தம் கேட்டு ஆபீசர்னு நெனச்சு ஒளிஞ்சிருக்கும் அண்ணாச்சி. அதுக்கு வேற என்ன தெரியும்?"

ஃபோர்மேன் ஓடினார். பத்து நிமிடம் நிற்க முடியாத செல்வராணி அக்காவும் அவருக்குப் பின்னால் ஓடினார். யார் போய்க் கூப்பிட்டாலும் அந்தப் பெண் வெளியே வரமாட்டாள், ஆண் குரல் கேட்டால் இன்னும் உள்ளே பதுங்குவாள் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. கழிவுத்தாள் அறை வாசலில் நின்று கத்தினாராம்.

"ஏ முத்து, ஆபீசர் யாரும் வரலடி. தீ பிடிச்சிருக்கு. நான் செல்வராணி. வெளிய வா."

தாள் மூட்டைகளுக்குப் பின்னாலிருந்து, செருப்பை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, அந்தப் பெண் எழுந்து வந்தாள். மூவரும் வாசலைத் தொட்டபோது அந்த அறையின் கூரை பற்றிக்கொண்டது. அன்று அங்கே எரிந்தது அந்த ஓர் அறைதான்.

ஒரு மயிரிழை என்பார்களே, அதுதான். அந்த அறையில் அவள் இருந்து, செல்வராணி அக்கா என் பச்சையை நம்பியிருந்தால்... என்னால் இந்த வாக்கியத்தை முடிக்க முடியவில்லை.

எனக்குப் போன் வந்ததும் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு ஓடினேன். நான் போய்ச் சேர்ந்தபோது தீயணைப்பு வண்டி தண்ணீர் அடித்து முடித்திருந்தது. வாசல் அறையில் முதலாளி நின்றிருந்தார், பக்கத்தில் ஃபோர்மேன். நாற்காலியில், காலை நீட்டிப் பிடித்துக்கொண்டு செல்வராணி அக்கா. அவர் கையில் நாள்காட்டித் தாள்கள் சுருண்டிருந்தன. மாத்தாள் விஷயம் வெளியே வராதபடி, மாட்டிக்கொண்டது வெளியே போய்த் திரும்பி வந்த காளீஸ்வரிதான் என்று ஃபோர்மேன் அதற்குள் சொல்லி முடித்திருந்தார். முதலாளியும் நம்பிவிட்டார்.

முதலாளி என்னைப் பார்த்தார். குரலை உயர்த்தவில்லை. "ஒரு பொம்பள உள்ள இருக்கு. உங்க ஆப்பு சைபர் காட்டுது. எப்படிம்மா?"

எனக்கு அந்த நிமிடமே தெரியும். லேப்டாப்பைத் திறக்கவே வேண்டாம். நான்கு வரியும் கண் முன்னால் நின்றன.

நான் சொல்லியிருக்கலாம். ஒரு வாக்கியம்தான். "என் தப்பு சார், பிழையை நான்தான் மறைச்சேன்." என்ன நடந்திருக்கும்? ஆப்பைத் தூக்கி எறிந்திருப்பார். சாத்தூர், சிவகாசி முழுக்க என் பெயர் நாறியிருக்கும். அவ்வளவுதானே! யாரும் என்னைத் தூக்கில் போட்டிருக்க மாட்டார்கள்.

"திரும்ப உள்ள வரும்போது கேட்ல சரியா பதியல போல சார்" என்றேன்.

எல்லோரும் செல்வராணி அக்காவைப் பார்த்தார்கள்.

அவர் என்னைப் பார்த்தார். கோபமாக இல்லை. ஏதோ சொல்லப் போகிற ஆளை, சொல்லட்டும் என்று பார்ப்பது போல. நான் லேப்டாப்பைத் திறந்து, ஏதோ தேடுகிறவளைப் போலக் குனிந்துகொண்டேன்.

"இருக்கும் சார்" என்றார் அவர். "அவசரத்துல சரியா காட்டியிருக்க மாட்டேன்."

தாள்களைச் சேலைத் தலைப்புக்குள் வைத்து முடிந்துகொண்டதை ஓரக்கண்ணால் பார்த்தேன்.

மறுநாளிலிருந்து அவரைப் பேக்கிங்குக்கு மாற்றிவிட்டார்கள். பேக்கிங் என்றால் நீள மேசை முன் நின்றுகொண்டு பெட்டியில் அடுக்குவது. நின்றுகொண்டு.

ஒரு வாரம் கழித்து, ஆப்பைச் "சரிபார்க்க" அங்கே போனேன். சாப்பாட்டு இடைவேளையில் அவரே நொண்டி நொண்டி என்னிடம் வந்தார். சணல் போட்டுக் கட்டிய ஒரு சின்னக் கட்டு.

"நீங்க எழுதி வைக்கச் சொன்னீகள்ல மேடம். ஒங்க வேலைக்கு ஆகும்."

வீட்டுக்கு வந்து பிரித்தேன். ஐம்பதுக்கு மேல் இருந்தன. ஒன்றை மட்டும் அப்படியே எழுதுகிறேன்: "மணி 12.40. இருவத்தேழாம் நம்பர் கார்டு. பச்சை வந்தது. மேல 61லயே நிக்குது. ஆளு உள்ள." எல்லாத் தாளும் அந்த இரண்டு சொல்லில்தான் முடிந்தன. ஆளு உள்ள. ஆளு உள்ள. பிழை என்ன என்பதோடு அவர் நிறுத்தவில்லை, அந்தப் பிழையால் எண்ணில் வராமல் போன ஆள் எங்கே என்றும் எழுதியிருந்தார். என் படிப்புக்கு அது தோன்றவே இல்லை.

அந்தத் தாள்களை மேசையில் பரப்பி வைத்துக்கொண்டு ஆப்பை மறுபடி எழுதினேன். இப்போது அது கார்டை எண்ணுவதில்லை, ஆளை எண்ணுகிறது. எத்தனை முறை போய் வந்தாலும் எண் சரியாக ஏறும், இறங்கும். அந்த நான்கு வரியை அழித்தேன். லைப்ரரியின் வாயைத் திறந்துவிட்டேன். சின்னத் தடுமாற்றம் என்றாலும் என் போன் அலறும். ஒவ்வொரு முறை அலறும்போதும் எனக்கு எரிச்சல் வருவதில்லை. நன்றியாகத்தான் இருக்கிறது. எங்கள் சர்ச்சில் ஞாயிற்றுக்கிழமை எல்லோரோடும் சேர்ந்து பாவ அறிக்கை சொல்கிறேன். அது சுலபம். அதில் எந்தப் பாவம், எந்த வரி என்று யாரும் கேட்பதில்லை.

புது ஆப் நன்றாக ஓடியது. இன்று ஐந்து கம்பெனிகளில் ஓடுகிறது.

கார்த்திகை முடிந்த சமயம் ஒரு காலையில் முத்துச்செல்வி எங்கள் வீட்டுக்கு வந்தாள். அன்றுதான் அவளை முதன்முதலாகப் பார்க்கிறேன். சின்னப் பெண், இருபத்திரண்டு வயது. கையில் சாத்தூர்க் காராச்சேவு ஒரு கிலோ. புது ஆப்பைக் கொண்டுவந்தபோது ஆட்கள் முரண்டு பிடிக்காமல் இருக்க, "அன்னைக்கு இந்த ஆப்புதான் முத்துச்செல்வி உள்ள இருக்கான்னு காட்டிச்சு" என்று ஃபோர்மேன் சொல்லிவைத்திருக்கிறார். அவளும் அதை நம்பிவிட்டாள்.

"செல்வராணியக்கா வந்து கூப்பிட்டாகளே, அவுகளுக்கு எப்படித் தெரியும்? நீங்க செஞ்ச ஆப்புல பாத்துத்தான வந்திருப்பாக. நீங்க இல்லன்னா நான் இல்ல மேடம்" என்றாள். என் அம்மாவின் கையையும் பிடித்துக்கொண்டாள். அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது.

நான் காராச்சேவை வாங்கிக்கொண்டேன். சாப்பிட்டுப் பார்க்கச் சொன்னாள். சாப்பிட்டேன். நன்றாக இருக்கிறது என்றும் சொன்னேன்!

அவள் போன பிறகு என்னால் வீட்டில் இருக்க முடியவில்லை. அன்று மாலையே செல்வராணி அக்காவின் ஊருக்குப் போனேன். காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்திருந்தார். நின்று நின்று வீங்கியிருந்தது. நான் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். நான்கு வரி, பச்சை, போனில் அவரை மடக்கியது, அன்று முதலாளி முன் சொன்னது. ஒன்றையும் விடவில்லை.

அவர் எண்ணெய் தேய்ப்பதை நிறுத்தவில்லை. "தெரியும் மேடம். பச்சை வந்தும் நம்பர் ஏறலைன்னா அது என் தப்பா இருக்க முடியுமா? எனக்குப் படிப்பு இல்லைன்னாலும் அது தெரியாதா?"

"அப்ப ஏங்கக்கா அன்னைக்குச் சொல்லல? கையில தாள் இருந்துச்சே."

"அதுல மாத்தாள் வந்த அம்புட்டு கார்டு நம்பரும் இருக்குல்ல. காட்டுனா நாப்பது வீட்டுல அடுப்பு எரியாது." இன்னும் கொஞ்சம் எண்ணெயை உள்ளங்கையில் ஊற்றிக்கொண்டார். "நீங்க சொல்வீகன்னு பாத்தேன். ஒங்க தப்ப நீங்க சொன்னா யாரு பேரும் வெளிய வராதுல்ல. லேப்டாப்பத் தொறந்தீக. சரி, இப்பச் சொல்லிருவீகன்னு நெனச்சேன்."

நன்றி என்று ஆரம்பித்து ஏதேதோ உளறினேன். என் தொழில், என் பெயர், நான் இன்று தலை நிமிர்ந்து நடப்பது எல்லாம் நீங்கள் போட்ட பிச்சை என்றேன்.

"அதெல்லாம் எதுக்கு மேடம். முத்து பொழச்சா, போதும்" என்றார். பிறகு, தயங்கி, கேட்கலாமா என்று யோசித்து, மெதுவாகச் சொன்னார். "முடிஞ்சா ஒண்ணு செய்யுங்க. முதலாளிகிட்டச் சொல்லி என்னைய மறுபடி அந்தச் சேர்ல உக்கார வைங்க. நிக்க முடியல."

அவ்வளவுதான் அவர் கேட்டது. ஒரு நாற்காலி.

மறுநாள் காலை பத்து மணிக்கு முதலாளிக்குப் போன் செய்தேன். சொல்ல வேண்டியதை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டிருந்தேன், தைரியம் போய்விடக் கூடாது என்று. அவர் எடுத்ததும் மகிழ்ச்சியாகப் பேசினார். நம் ஆப்பைப் பற்றித் தன் மச்சினன் கம்பெனியில் சொல்லியிருப்பதாகச் சொன்னார். நான் தாளைப் பார்த்தேன். முதல் வரியை விட்டுவிட்டு இரண்டாவது வரியிலிருந்து தொடங்கினேன்.

"சார், செல்வராணி அக்காவத் திரும்ப கேட்டுக்கே மாத்தலாமே. அவங்களுக்குக் கால் முடியல..."

"நல்ல பொம்பளதாம்மா. எனக்கும் பாவமாத்தான் இருக்கு" என்றார். "ஆனா அந்த எடத்துல தப்பு நடந்தா உசுருல்ல போகும். ஒரு தடவ விட்டவள எப்படி நம்பி உக்கார வைக்க? அன்னைக்கு நீங்கதான சொன்னீக, கேட்டுல சரியா பதியலைன்னு. சொன்னீகளா இல்லியா?"

கேட்டுவிட்டு, பதிலுக்காகக் காத்திருந்தார். உண்மையாகவே காத்திருந்தார். எனக்கு அதைவிட நல்ல வாய்ப்பு இனி யாரும் தரப் போவதில்லை.

"சொன்னேன் சார்" என்றேன்.

"அப்புறம் என்ன" என்று அவர் வேறு பேச்சுக்குப் போய்விட்டார்.

உங்களிடம் சொல்லிவிட்டேன். உங்களை எனக்குத் தெரியாது, அதனால் முடிந்தது. முதலாளியிடம் இன்னும் சொல்லவில்லை. நீங்கள் இதைப் பகலில் படித்துக்கொண்டிருந்தால், அது ஞாயிற்றுக்கிழமையாகவும் இல்லாமல் இருந்தால், செல்வராணி அக்கா இந்த நேரம் அந்த மேசை முன் நின்றுகொண்டிருக்கிறார்.